ஒரு நாளில் ஒரு நகரமா?

பினாங்குத் தீவின் வட கரையில் இருக்கிறது பத்து பெரிங்கி. நீண்ட மணற்பரப்பும் வரிசையாய் நிற்கும் தங்கும் விடுதிகளும் அவ்விடத்தின் அடையாளம். 'பெரிங்கி' என்ற மலாய்ச் சொல்லும், நம் வழக்கிலுள்ள 'பறங்கி' என்ற சொல்லும் ஒரே வேரிலிருந்து வந்தவை. இரண்டும் ஐரோப்பியரைக் குறிப்பவை. அங்கிருந்து ஏறக்குறைய 15 கிலோமீட்டர் தொலைவில், அந்த ஐரோப்பியர் அமைத்த ஜார்ஜ்டவுன் நகரம் இருக்கிறது. இரண்டு நாள் கடலில் குளித்து மகிழ்ந்தவர்கள் மூன்றாம் நாள் நகரத்தைப் பார்க்க விரும்புவது இயல்பு. அவர்களுக்காகவே வழிகாட்டியுடன் கூடிய ஒரு நாள் உலாக்கள் நடத்தப்படுகின்றன.

கடந்த ஆண்டு இறுதி விடுமுறையில் என் குடும்பத்தாருடன் நானும் அத்தகைய உலா ஒன்றில் கலந்துகொண்டேன். காலை 9 மணிக்கு விடுதி வாசலுக்கு வேன் வந்தது. மாலை 3 மணிக்கு மீண்டும் அதே வாசலில் இறக்கிவிட்டார்கள். ஆறு மணி நேரத்தில் ஆறு இடங்கள் என்பது கேட்பதற்கு நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால், கணக்குப் போட்டுப் பார்த்தால் நிலைமை வேறு. போக வர நெரிசலில் ஒன்றரை மணி நேரம் கழிந்தது. மதிய உணவுக்கு ஒரு மணி நேரம் ஆனது. வழியில் பலகாரமும் நினைவுப் பொருளும் விற்கும் கடையில் ஒரு மணி நேரம் நிறுத்தினார்கள். மிஞ்சியது இரண்டரை மணி நேரம். அதாவது, இடம் ஒன்றுக்கு 25 நிமிடம். வேனில் ஏறுவதும் இறங்குவதும் ஆட்களை எண்ணிச் சரிபார்ப்பதும் அந்த 25 நிமிடத்திற்குள் அடங்கும். நகரத்தின் நடுவில் இருந்த நேரத்தைவிட, நகரத்திற்கு வெளியேயும் கடையிலும் மேசையிலும் இருந்த நேரமே அதிகம்.

ஒரு நாள் உலாவே கூடாது என்பது என் கருத்தன்று. இடங்களை எண்ணிக் காட்டும் உலா, மனிதர்களைச் சொல்லும் உலாவாக மாற வேண்டும் என்பதே என் கருத்து. ஏன் என்று விளக்குகிறேன்.

எங்கள் உலாவின் முதல் நிறுத்தம் கார்ன்வாலிஸ் கோட்டை. "இது பிரான்சிஸ் லைட் கட்டிய கோட்டை," என்றார் வழிகாட்டி. பிறகு, எல்லாரும் அறிந்த அந்தக் கதையையும் சொன்னார். காட்டை விரைவில் அழிக்க வேண்டும் என்பதற்காக லைட் பீரங்கியில் வெள்ளி நாணயங்களை நிரப்பிக் காட்டுக்குள் சுட்டாராம். நாணயங்களைத் தேடி எடுக்கும் ஆசையில் கூலியாட்கள் மரங்களை வெட்டினார்களாம். கேட்டவர்கள் சிரித்தார்கள், படம் எடுத்துக்கொண்டு வேனில் ஏறினார்கள்.

வரலாறு இந்தக் கதையைவிடக் கனமானது. கெடா சுல்தானுக்கு உரிய இத்தீவை லைட் 1786ஆம் ஆண்டு ஆகஸ்டு 11ஆம் நாள் ஆங்கிலேய மன்னர் மூன்றாம் ஜார்ஜின் பெயரால் தம் வசமாக்கிக்கொண்டார். நகரத்திற்கு ஜார்ஜ்டவுன் என்ற பெயர் அம்மன்னரின் பெயரால்தான் வந்தது. லைட் அமைத்தது நிபோங் மரங்களை நட்டு எழுப்பிய மரவேலிக் கோட்டையே. அவர் 1794ஆம் ஆண்டு காய்ச்சலால் இறந்தார். இன்று நாம் காணும் செங்கற்கோட்டையின் வேலை தொடங்கியது, அவர் இறந்து பத்து ஆண்டுகள் கழித்து, 1804ஆம் ஆண்டில். அந்தச் செங்கற்களைச் சுமந்தவர்கள் இந்தியாவிலிருந்து நாடு கடத்தப்பட்ட கைதிகள். சிறிது தூரத்தில் வெள்ளைத் தூண்களுடன் நிற்கும் செயின்ட் ஜார்ஜ் தேவாலயமும் அத்தகைய கைதிகளின் உழைப்பால் 1818ஆம் ஆண்டில் எழுந்ததே. லைட்டின் பெயரில் வீதி இருக்கிறது. கோட்டையில் அவர் சிலையும் இருக்கிறது. கல் சுமந்தவர்களுக்கு அவ்விரண்டும் இல்லை. அவர்களைப் பற்றி வழிகாட்டி சொல்லும் இரண்டு வாக்கியங்கள்தாம் அவர்களுக்குக் கிடைக்கக்கூடிய நினைவுச் சின்னம். 25 நிமிடத்தில் அந்த இரண்டு வாக்கியங்களுக்கு இடமில்லாமல் போகிறது.

'காலனித்துவ நகரம்' என்ற சொல்லே ஒருவகையில் நம்மை ஏமாற்றுகிறது. அச்சொல்லைக் கேட்டதும் வெள்ளை மாளிகைகளும் கோட்டைகளும் நம் கண்முன் வருகின்றன. ஆனால், ஜார்ஜ்டவுனை ஆங்கிலேயர் ஆண்டார்கள் என்பதும், பல இனத்தவர் அதை உருவாக்கினார்கள் என்பதும் சேர்ந்ததுதான் முழு உண்மை. இதைப் புரிந்துகொள்ள ஒரே ஒரு சாலை போதும். செயின்ட் ஜார்ஜ் தேவாலயத்திலிருந்து கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் வரை ஏறக்குறைய அரைக் கிலோமீட்டர் தூரந்தான். இடையில் சீனர்கள் ஊதுவத்தி ஏற்றி வணங்கும் குவான் யின் ஆலயம் இருக்கிறது. பக்கத்து வீதியில் 1833ஆம் ஆண்டு நிறுவப்பட்ட ஸ்ரீ மகா மாரியம்மன் ஆலயம் இருக்கிறது. பள்ளிவாசலோ 1801ஆம் ஆண்டில் இந்திய முஸ்லிம் வணிகர்களால் தோற்றுவிக்கப்பட்டது. இவ்வழியை 'நல்லிணக்க வீதி' என்று அழைக்கிறார்கள். நான்கு சமய வழிபாட்டு இடங்களையும் அரை மணி நேரத்தில் நடந்தே கடந்துவிடலாம். எங்கள் வேன் அச்சாலையை மூன்று நிமிடத்தில் கடந்தது.

அப்பகுதியில் நம் முன்னோரின் சுவடுகள் ஒவ்வொரு திருப்பத்திலும் உள்ளன. சோழமண்டலக் கரையிலிருந்து கப்பலேறி வந்த தமிழ் முஸ்லிம் வணிகர்களைக் குறித்த 'சூலியா' என்ற சொல் இன்றும் ஒரு வீதியின் பெயராக நிற்கிறது. நாகூர் ஆண்டகையின் நினைவாக எழுப்பிய தர்கா அவ்வீதியில்தான் இருக்கிறது. பினாங்கு வீதியிலுள்ள நகரத்தாரின் கோவில் வீட்டிலிருந்துதான் தைப்பூசத்தின்போது வெள்ளி ரதம் புறப்படுகிறது. காவடித் தடியைப் போன்ற கோலின் இரு முனைகளிலும் சோறும் குழம்பும் தொங்கவிட்டுத் தோளில் சுமந்து விற்றவர்களின் நினைவுதான் 'நாசி கண்டார்' என்னும் பெயரில் வாழ்கிறது. 'கண்டார்' என்பது அந்தக் கோல். இத்தனையும் அறியாமல் அதே வீதியில் நின்று நாசி கண்டார் சாப்பிட்டுவிட்டு, "பினாங்கைப் பார்த்துவிட்டேன்" என்று சொல்வது நுனிப்புல் மேய்வதாகும்.

மாறாக, ஆர்மினியன் வீதியில் எங்களுக்கு நேரம் தாராளமாகவே கிடைத்தது. லித்துவேனிய ஓவியர் எர்னஸ்ட் சகாரெவிச் 2012ஆம் ஆண்டில் தீட்டிய, மிதிவண்டியில் செல்லும் இரு குழந்தைகளின் சுவரோவியம் அங்கே இருக்கிறது. அதன்முன் படம் எடுக்க நீண்ட வரிசை. ஓவியம் அழகானது, அதைக் குறை சொல்வதற்கில்லை. ஆனால், சுவரில் உள்ள குழந்தைகளைப் பார்க்க வரிசையில் நின்ற எங்களில் ஒருவருக்கும், அந்தச் சுவருக்குப் பின்னால் இன்னும் யாராவது குடியிருக்கிறார்களா என்று கேட்கத் தோன்றவில்லை.

கேட்டிருக்க வேண்டிய கேள்வி அது. இந்நகரின் பழைய கடைவீடுகளில் தலைமுறை தலைமுறையாகக் குடும்பங்கள் குறைந்த வாடகையில் வாழ்ந்தன. வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் அவர்களுக்குப் பாதுகாப்பாக இருந்தது. அச்சட்டம் விலக்கப்பட்டு, 2000ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாளோடு அந்தப் பாதுகாப்பு முடிவுக்கு வந்தது. வாடகை உயர்ந்தது, பல குடும்பங்களும் சிறு வணிகர்களும் வெளியேறினார்கள். பின்னர், 2008ஆம் ஆண்டு ஜூலை 7ஆம் நாள் மலாக்காவுடன் சேர்த்து ஜார்ஜ்டவுனை யுனெஸ்கோ உலகப் பாரம்பரியத் தளமாக அறிவித்தது. அந்தப் பெருமை கட்டடங்களைக் காத்தது. அதே பெருமை சுற்றுப்பயணிகளையும் பெருக்கியது. குடும்பங்கள் இருந்த வீடுகளில் தங்கும் விடுதிகளும் காப்பிக் கடைகளும் வந்தன. சுவர் நிலைத்திருக்க, சுவருக்குள் இருந்த வாழ்க்கை இடம்பெயர்ந்தது. நம்மைப் போன்ற பயணிகளுக்கும் இதில் பங்கு உண்டு என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

கடலின்மேல் மரத்தூண்களை ஊன்றிக் கட்டிய சீனக் குலத்தாரின் படகுத்துறைக் குடியிருப்புகளிலும் இதைக் காணலாம். அவற்றுள் சியூ குலத்தாரின் குடியிருப்பே பயணிகள் அதிகம் செல்லும் இடம். பலகைப் பாதையின் இரு புறமும் வீடுகள். வாசலில் துணி காய்கிறது. உள்ளே முதியவர் ஒருவர் தொலைக்காட்சி பார்த்துக்கொண்டிருக்கிறார். எங்கள் குழுவில் ஒருவர் சன்னல் வழியே கைப்பேசியை நீட்டிப் படம் எடுத்தார். அந்த முதியவர் எழுந்து வந்து, ஒன்றும் பேசாமல் கதவைச் சாத்திக்கொண்டார். அவர் இல்லத்தில் நாங்கள் விருந்தினராக நடந்துகொள்ளவில்லை. என் தாயார் வெட்கத்தால் தலைகுனிந்தார். உலாவில் நான் மறக்க முடியாத நிமிடம் அதுதான்.

இதற்கு மறுப்புரைப்பவர்கள் இருக்கிறார்கள். "முதியவர்களாலும் குழந்தைகளாலும் வெயிலில் நடக்க முடியுமா? விடுமுறையே நான்கு நாள். வரலாறு படிக்கவா வந்தோம்?" என்று அவர்கள் கேட்பார்கள். இக்கேள்விகளில் நியாயம் இருக்கிறது. வழி தெரியாதவர்களுக்கு உலா பாதுகாப்பானது. வண்டி நிறுத்த இடம் தேடும் தொல்லையும் இல்லை. பலருக்கு அது வேலைவாய்ப்பையும் தருகிறது. வழிகாட்டிகளைக் குறை கூறுவதும் என் நோக்கமன்று. நம் நாட்டில் 1992ஆம் ஆண்டின் சுற்றுலாத் தொழில் சட்டத்தின்கீழ் உரிமம் பெற்றவர்களே வழிகாட்டிகளாகப் பணியாற்றலாம். அவர்களில் பலர் விவரம் அறிந்தவர்கள். எங்கள் வழிகாட்டியிடமே திரும்பும் வழியில் மாரியம்மன் ஆலயத்தைப் பற்றிக் கேட்டேன். அவர் முகம் மலர்ந்தது. துறைமுகத்தில் மூட்டை தூக்கிய தமிழர்களைப் பற்றி விடுதி வாசல் வரும்வரை ஆர்வத்துடன் பேசினார். "இதையெல்லாம் யாரும் கேட்பதில்லை, தம்பி. சொல்லவும் நேரம் தருவதில்லை," என்றார். குறை அவரிடம் இல்லை. அவர் கையில் கொடுக்கப்பட்ட நேர அட்டவணையில் இருந்தது.

ஆகவே, மாற்றம் அட்டவணையில் தொடங்க வேண்டும். முதலாவதாக, ஆறு இடங்களை மூன்றாகக் குறைக்கலாம். கோட்டை, நல்லிணக்க வீதி, படகுத்துறைக் குடியிருப்பு ஆகிய மூன்றே நகரத்தின் கதையைச் சொல்லப் போதுமானவை. இரண்டாவதாக, காலை 8 மணிக்கே புறப்பட்டால் வெயில் ஏறுவதற்குள் நடந்து முடிக்கலாம். கடைவீடுகளின் முன்னுள்ள அஞ்சடி நிழலில் முதியவர்களும் ஆங்காங்கே நின்று இளைப்பாறி நடக்கலாம். மூன்றாவதாக, நினைவுப் பொருள் கடையில் செலவிடும் ஒரு மணி நேரத்தை அவ்வீதிகளிலேயே செலவிடலாம். பூ கட்டுபவரிடம் ஒரு முழம் பூவும், முதியவர் நடத்தும் கடையில் ஒரு குவளைத் தேநீரும் வாங்கினால், அங்கேயே பிழைப்பவர்களின் கைக்குப் பணம் சேரும். நான்காவதாக, குடியிருப்புக்குள் நுழையும் முன் அங்கே பின்பற்ற வேண்டிய ஒழுங்கை வழிகாட்டி ஒரு நிமிடம் எடுத்துச் சொல்ல வேண்டும்.

பயணிகளாகிய நமக்கும் கடமை உண்டு. முன்பதிவு செய்யும்போது, "எத்தனை இடம் காட்டுவீர்கள்?" என்று கேட்கிறோம். "எங்கே எவ்வளவு நேரம் இருப்போம்?" என்று கேட்கத் தொடங்கினால், உலா நடத்துவோரும் அதற்கேற்ப மாறுவார்கள். உலாவே வேண்டாம் என்பவர்களுக்கும் வழி இருக்கிறது. பத்து பெரிங்கி சாலையில் நின்றால் 101 எண் கொண்ட ராப்பிட் பினாங்கு பேருந்து வரும். குறைந்த கட்டணத்தில் அது நகரத்தின் படகுத்துறைவரை கொண்டுபோய்ச் சேர்க்கும். வேலைக்குச் செல்வோரும் சந்தைக்குப் போவோரும் ஏறும் பேருந்து அது. நகர மக்களோடு நம் பயணம் அங்கேயே தொடங்கிவிடுகிறது.

பள்ளிச் சுற்றுலாவுக்கும் இது பொருந்தும். பேருந்தில் ஏறும் முன் ஒவ்வொரு மாணவரும் ஓரிடத்தைத் தேர்ந்து, அதைக் கட்டியவர் யார், இப்போது அங்கே வாழ்பவர் யார் என்று படித்துவிட்டு வரட்டும். அங்கே சென்றதும் அவரே தம் நண்பர்களுக்கு எடுத்துச் சொல்லட்டும்.

அடுத்த விடுமுறையில் நாங்கள் மீண்டும் ஜார்ஜ்டவுனுக்குச் செல்லப்போகிறோம். இம்முறை இரண்டே இடம் என்று முடிவு செய்துள்ளோம். படகுத்துறைக் குடியிருப்பு அவற்றுள் ஒன்று. இந்த முறை கைப்பேசியைப் பைக்குள் வைத்துவிட்டு உள்ளே போக வேண்டும் என்பது அம்மாவின் கட்டளை.