மேசையில் இருந்த விருந்தாளி

சென்ற விடுமுறையில் 'வே டவுன் ஈஸ்ட்' என்ற அமெரிக்க மௌனப் படத்தை உம்மாவுடன் பார்த்தேன். டி. டபிள்யூ. கிரிபித் இயக்கி 1920இல் வெளிவந்த படம். பேச்சே இல்லாத படம், உம்மா தூங்கிவிடுவார் என்று நினைத்தேன். அவர் தேநீரை ஆறவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்னா ஓர் ஏழைப் பெண். சாண்டர்சன் என்ற செல்வந்தன் போலித் திருமணம் ஒன்றை நடத்தி அவளை ஏமாற்றிக் கைவிடுகிறான். பிறந்த குழந்தையும் இறந்துவிடுகிறது. தன் கதையை மறைத்துக்கொண்டு பார்ட்லெட் என்பவரின் பண்ணை வீட்டில் வேலைக்குச் சேர்கிறாள். சாண்டர்சனோ அயல் பண்ணையின் சொந்தக்காரன். அந்த வீட்டுக்கு மரியாதையான விருந்தாளி.

ஊர்க்கதை பேசும் மார்த்தா என்ற பெண்மூலம் அன்னாவின் கடந்த காலம் வெளியே வருகிறது. பார்ட்லெட் தாமே அயலூருக்குப் போய் விசாரித்து வந்து, பனிப்புயல் வீசும் இரவில் கதவைத் திறந்து அவளை வெளியே போகச் சொல்கிறார். அப்போதுதான் அவள் மேசையில் இருந்த சாண்டர்சனைச் சுட்டிக்காட்டுகிறாள். "இவ்வளவு நாளும் அவனப் பத்தி ஒத்தரும் விசாரிக்கலையா?" என்று உம்மா கேட்டார். விசாரிக்கவில்லை. பெண்ணைப் பற்றி விசாரிக்க மட்டும் ஒரு பயணமே போனார்கள். பெண் பார்க்கும் பேச்சு வரும்போது நம் வீடுகளிலும் விசாரிப்பு எந்தப் பக்கம் அதிகம் என்று பெற்றோர் யோசித்துப் பார்க்கலாம்.

மார்த்தாவைப் படம் ஒரு கேலிப் பாத்திரமாகவே காட்டுகிறது. நானும் சிரித்தேன். பிறகு யோசித்தபோது, அவள் சொன்னதில் பொய் எதுவும் இல்லை என்பது உறைத்தது. புறம் பேசுவது என்றால் பொய் சொல்வது என்றே நாங்கள் பலர் நினைக்கிறோம். பாதி உண்மையே ஒரு பெண்ணைப் பனியில் தள்ளப் போதும்.

ஆற்றில் மிதக்கும் பனிக்கட்டியில் அன்னா மயங்கிக் கிடக்கும் காட்சிக்காகத்தான் இப்படம் இன்றும் பேசப்படுகிறது. லிலியன் கிஷ் உண்மையான குளிர்நீரில் கையைத் தொங்கவிட்டபடி நடித்தார்; அந்த விரல்கள் பல ஆண்டுகள் அவருக்கு வேதனை கொடுத்தனவாம்.

அவள் காப்பாற்றப்படுகிறாள். பார்ட்லெட் மன்னிப்புக் கேட்கிறார், அவர் மகனுடன் திருமணமும் நடக்கிறது. உம்மாவுக்கு முடிவு பிடித்தது. எனக்கு முழுத் திருப்தி இல்லை. ஏமாற்றப்பட்டவள் என்று தெரிந்த பிறகு, அதுவும் சாவின் விளிம்புவரை போய் வந்த பிறகுதான் அவளுக்கு அந்த வீட்டில் இடம் கிடைத்தது. அவள் உண்மையிலேயே தவறு செய்திருந்தால், புயல் ஓயும்வரையாவது அந்தக் கதவு மூடியிருந்திருக்குமா? உம்மாவிடம் கேட்டேன். "சாப்பிட்டுட்டுப் பேசுவோம்" என்றார். இன்னும் பேசவில்லை.