குரலுக்குப் பூட்டு, தெருவுக்குப் பேரு!

வின் ஸ்கல்லி பத்தி யாராவது உருகி எழுதினா எனக்குக் கோபம்தான் வருது. அவர் மேல இல்லைங்க, அவருக்கு மாலை போட்ட புண்ணியவான்கள் மேல.

தெரியாதவங்களுக்காக: அமெரிக்க பேஸ்பால்ல டாட்ஜர்ஸ் அணியோட வர்ணனையாளர். 1950-ல் புரூக்ளின்ல ஆரம்பிச்சு, 1958-ல் அணி லாஸ் ஏஞ்சல்ஸுக்கு மாறினப்ப கூடவே போய், 2016 வரைக்கும் 67 சீசன். டிவியில ரெண்டு மூணு பேர் உக்காந்து அரட்டை அடிக்கிற காலத்துலயும் மனுஷன் தனியாத்தான் பேசினார். பேசாமலும் இருந்தார்! 1974-ல் ஹாங்க் ஆரன் 715-வது ஹோம் ரன் அடிச்சு பேப் ரூத் சாதனையைத் தாண்டினப்ப, வாயை மூடிக்கிட்டு கூட்டத்தோட சத்தத்தைக் கேக்கவிட்டார்.

அப்பேர்ப்பட்ட குரலுக்கு என்ன மரியாதை கிடைச்சுது? 2014-ல் ஆட்டங்கள் ஸ்போர்ட்ஸ்நெட் எல்.ஏ.ங்கிற புது சேனலுக்குப் போச்சு. டைம் வார்னர் கேபிளோட 25 வருஷ ஒப்பந்தம், 800 கோடி டாலருக்கு மேலன்னு செய்தி. போட்ட காசை எடுக்கணுமே? பேஸ்பாலே பாக்காத சந்தாதாரர் தலையிலயும் கட்டச் சொல்லி மத்த கேபிள், டிஷ் கம்பெனிகள்கிட்ட கேட்டாங்க. அவங்க முடியாதுன்னுட்டாங்க. விளைவு, ஸ்கல்லியோட கடைசி மூணு சீசன் அந்த ஊர்லயே பாதிக்கு மேல வீடுகள்ல தெரியலை. ரேடியோல முதல் மூணு இன்னிங்ஸ் மட்டும் அவர் குரல். அப்புறம் வேற ஆள்.

"வியாபாரம்னா அப்படித்தான் சார்"னு சொல்றவங்களுக்கு ஒரு கேள்வி. 2016-ல் அவரோட கடைசி ஆறு ஆட்டத்தை மட்டும், ஆன்டெனா வெச்சாலே தெரியற கேடிஎல்ஏ சேனல்லயும் காட்டினாங்களே, அது எப்படி முடிஞ்சுது? ஆறுக்கு முடிஞ்சது அறுபதுக்கு ஏன் முடியலை?

அதே வருஷம் ஸ்டேடியத்துக்குப் போற தெருவுக்கு அவர் பேரை வெச்சாங்க. பேர் வெச்சா யாருக்கும் வருமானம் குறையாது பாருங்க!

டைரக்டிவி ஒருவழியா சேனலைச் சேர்த்தது 2020-ல். ஸ்கல்லி ஓய்வு பெற்று நாலு வருஷம் ஆச்சு. 2022-ல் 94 வயசுல போயும் சேர்ந்துட்டார்.

1958-ல் டிரான்சிஸ்டரை மைதானத்துக்கே தூக்கிட்டுப் போய், கண்ணெதிர்ல நடக்கற ஆட்டத்தையும் அவர் குரல்லயே கேட்ட ஜனங்க அவங்க. அவரைப் பெரிய ஆளாக்கினது அந்தக் காதுகள்தான். ரெண்டு கம்பெனி கணக்குச் சண்டையில முதல்ல அடைச்சது அந்தக் காதுகளைத்தான். இதுல அஞ்சலி வேற. என்னமோ போங்க!