காதுக்கு முந்தைய இரண்டடி

புதுச்சேரி நகருக்குத் தெற்கே, அரிக்கமேட்டை அடுத்துக் கடலோரமாக நீண்டு கிடக்கும் மீனவ ஊர் வீராம்பட்டினம். கணினியில் இருக்கும் சேதியைக் கம்பி இல்லாமல் காதுவரை கொண்டுவந்து சேர்ப்பது எப்படி என்ற கேள்வி இந்த ஊருக்குக் கால் நூற்றாண்டுக்கு முன்பே வந்துவிட்டது. எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம், கனடாவின் பன்னாட்டு வளர்ச்சி ஆய்வு மையத்தின் உதவியோடு, 1998இல் புதுச்சேரிக் கிராமங்களில் தகவல் மையங்களைத் தொடங்கியது. தொலைபேசிக் கம்பியை நம்ப முடியாத ஊர்களுக்கு, வில்லியனூர் நடுமையத்திலிருந்து விஎச்எஃப் வானொலிக் கருவிகள் வழியாகத் தகவல் போயிற்று. மின்சாரம் நின்றால் சூரியத் தகடு கைகொடுத்தது. நெல் விளையும் ஊர்களுக்குச் சந்தை விலையும் உர விவரமும் வேண்டியிருந்தன. வீராம்பட்டினத்துக்கு வேண்டியது கடலைப் பற்றிய கணக்கு: அலை எவ்வளவு உயரம் எழும், காற்று வாடையா, கொண்டலா, கச்சானா, எவ்வளவு வேகம். வங்கக் கடலுக்கான அந்த முன்கணிப்பை அமெரிக்கக் கடற்படையின் இணையதளம் அப்போது வெளியிட்டு வந்தது. அதை எடுத்து, தமிழாக்கி, ஊருக்கு அனுப்பி, ஒலிபெருக்கியில் சொன்னார்கள். வலையைச் சீர்பார்ப்பவரும் படகில் எஞ்சினை மாட்டுகிறவரும் மீன்கூடையோடு நிற்கும் பெண்ணும் கணினித் திரைக்கு முன்னால் வந்து உட்கார வேண்டியிருக்கவில்லை. எழுதப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டியதுமில்லை. பசிபிக் பக்கத்து ஏதோ ஓர் அலுவலகத்தில் போட்ட கணக்குக்கும் கரையில் நிற்பவருக்கும் இடையில் எத்தனையோ ஆயிரம் மைல். அதில் கடைசி நூறடியைத்தான் திட்டக்காரர்கள் மிகுந்த கவனத்தோடு யோசித்தார்கள். அதனாலேயே அந்தத் திட்டம் உலகம் திரும்பிப் பார்க்கும்படி ஆயிற்று என்பது என் எண்ணம்.

அதே 1998ஆம் ஆண்டு மே மாதம் எரிக்சன், நோக்கியா, ஐபிஎம், இன்டெல், தோஷிபா ஆகிய ஐந்து நிறுவனங்கள் சேர்ந்து புளூடூத் கூட்டமைப்பை அமைத்தன. பத்தாம் நூற்றாண்டு டென்மார்க் அரசன் ஒருவனின் பட்டப்பெயரை அதற்கு வைத்தார்கள். எந்தக் கம்பெனிப் பொருளும் எந்தக் கம்பெனிப் பொருளோடும் கம்பியில்லாமல் பேசிக்கொள்ள வேண்டும் என்பதே நோக்கம். இன்று வீராம்பட்டினத்திலும் கல்லூரிக்குப் போகும் பிள்ளைகளின் காதில் அந்தக் கூட்டமைப்பின் பலன் இருக்கிறது. விரல்நுனி அளவு இயர்பட்ஸ், மேசைமேல் ஒரு லேப்டாப், நடுவில் இரண்டடி காற்று. வில்லியனூரிலிருந்து கரைக்கு வந்த தூரத்தோடு ஒப்பிட்டால் இது ஒன்றுமே இல்லை. ஆனால் இந்த இரண்டடியை யாரும் அந்த அக்கறையோடு யோசித்துத் தரவில்லை. வாங்கியவர் தலையில் விட்டுவிட்டார்கள். இதைச் சில்லறைத் தொல்லை என்று தள்ளக்கூடாது, பொதுக் காரியமாக எடுத்துப் பேச வேண்டும் என்பதற்காகவே இந்த வாரம் இதை எழுதுகிறேன்.

முதலில் இணைப்பு. லேப்டாப்பில் புளூடூத்தைத் திறந்து வைத்துக்கொண்டு, பட்டியலில் இயர்பட்ஸின் பெயர் வரவில்லையே என்று காத்திருப்பவர்கள் ஏராளம். பொருள் கெட்டுப்போனது என்று கடைக்குத் திருப்பி எடுத்துப் போகிறவர்களும் உண்டு. பெரும்பாலும் அது கெட்டிருக்காது. இயர்பட்ஸ் முதன்முதலில் எந்தக் கருவியோடு சேர்ந்ததோ அதனோடு ஒரு ரகசியச் சாவியைப் பகிர்ந்து நினைவில் வைத்துக்கொள்கிறது. பெட்டியின் மூடியைத் திறந்ததும் பழகிய கருவியைத் தேடி ஓடுகிறது. அது பெரும்பாலும் சட்டைப்பையில் இருக்கும் போன். போனோடு சேர்ந்துவிட்ட இயர்பட்ஸ் புதிய லேப்டாப்பின் கண்ணுக்குத் தன்னைக் காட்டிக்கொள்ளாது. போனில் புளூடூத்தை அணைத்துவிட்டு, பெட்டியில் இருக்கும் பொத்தானை விளக்கு மினுக்கும்வரை அழுத்திப் பிடித்தால்தான் தான் இருப்பதை அறிவிக்கும். இவ்வளவுதான் விஷயம். பெட்டிக்குள் வரும் தாளில் இதை எறும்பெழுத்தில் ஆங்கிலத்திலும் சீனத்திலும் அச்சிட்டிருப்பார்கள். ஏன் அப்படிச் செய்ய வேண்டும் என்ற காரணத்தைப் பெரும்பாலும் எந்த மொழியிலும் சொல்வதில்லை. காரணம் தெரிந்தவர் அடுத்த முறை தானே சரிசெய்துகொள்வார். கட்டளை மட்டும் தெரிந்தவர் ஒவ்வொரு முறையும் இன்னொருவரைக் கூப்பிட வேண்டும்.

இதைவிடப் பெரிய குறை இணைந்த பிறகு வருகிறது. பாட்டு அருமையாகக் கேட்கும். இணையவழி வகுப்பிலோ நேர்காணலிலோ நுழைந்த அடுத்த நொடி, குரலெல்லாம் தகர டப்பாவுக்குள் போனதுபோல் ஆகிவிடும். மலிவான பொருள், அதனால்தான் இப்படி என்று பழியை ஏற்கும் மாணவர்களுக்கு நான் சொல்ல விரும்புவது, பத்தாயிரம் ரூபாய் இயர்பட்ஸிலும் இதே கதைதான் நடந்து வந்திருக்கிறது. புளூடூத்தில் ஒலிக்கு இரண்டு தனித்தனிப் பாதைகள் உண்டு. ஒன்று பாட்டுக்கானது: ஒருவழிப் பாதை, இடம் வலம் பிரிந்து, அகலமாக ஒலி வரும். மைக் அதில் கிடையாது. இன்னொன்று தொலைபேசிப் பேச்சுக்கானது: இருவழி, ஆனால் குறுகல். அதன் பழைய வடிவத்தில் ஒலியை நொடிக்கு 8,000 முறைதான் அளந்து அனுப்புகிறார்கள். அளக்கும் எண்ணிக்கையில் பாதிக்கு மேற்பட்ட அதிர்வு எதுவும் தப்பி வராது என்பதால் 4,000 ஹெர்ட்ஸுக்கு மேலான ஒலி முழுதும் போய்விடும். பின்னால் வந்த வடிவம் 16,000 முறை அளக்கிறது. அப்போதும் இரண்டு காதுக்கும் ஒரே ஒலிதான். வகுப்புச் செயலி மைக்கைக் கேட்ட கணத்தில் கணினி அகலப் பாதையை விட்டுக் குறுகல் பாதைக்கு மாறுகிறது. ஸ, ஷ, ஃப போன்ற சீறல் ஒலிகளின் வேறுபாடு பெரிதும் 4,000 ஹெர்ட்ஸுக்கு மேல்தான் இருக்கிறது. எனவே ஆங்கில வகுப்பில் எஸ் எது, எஃப் எது என்று பிரித்தறிய முடியாமல் திணறும் பிள்ளைக்குக் காது மந்தமில்லை, புத்தியும் மந்தமில்லை. வழி குறுகல்.

இதற்கு விடை கையிலேயே இருக்கிறது. ஒலியைக் கேட்கும் கருவியாக இயர்பட்ஸையும், பேசும் மைக்காக லேப்டாப்பிலேயே பதித்திருக்கும் மைக்கையும் தனித்தனியே தேர்ந்துவிட்டால், கணினி அகலப் பாதையிலேயே நின்றுவிடும். வகுப்புச் செயலியின் ஒலி அமைப்புகளில் ஒரே ஒரு மாற்றம். இந்த இரண்டு பாதைகளையும் வெகுகாலம் விண்டோஸ் எப்படிக் காட்டியது? ஒரே இயர்பட்ஸை இரண்டு பெயரில் காட்டியது: ஒன்று ‘ஸ்டீரியோ’, மற்றது ‘ஹேண்ட்ஸ்-ஃப்ரீ ஏஜி ஆடியோ’. பொறியாளருக்கு மட்டும் விளங்கும் சொல். ‘பாட்டுக்கு’ என்றும் ‘பேச்சுக்கு’ என்றும் இரண்டு தமிழ்ச் சொற்கள் இருந்திருந்தால் எத்தனை பேர் தாமே கண்டுபிடித்திருப்பார்கள். விண்டோஸ் 11 இரண்டையும் ஒரே பெயருக்குள் சேர்த்துவிட்டது. குழப்பம் குறைந்தது, ஆனால் காரணத்தைத் தேடிப் பிடிக்க இருந்த ஒரு தடயமும் அதோடு மறைந்துபோனது. இங்கேதான் வில்லியனூர் நினைவுக்கு வருகிறது. அலை உயரத்தை அவர்கள் ஆங்கில அட்டவணையாகவே கரைக்கு அனுப்பியிருக்கலாம். தகவல் தகவல்தானே என்று கைகழுவியிருக்கலாம். அதைக் கரையில் நிற்பவரின் பேச்சாக்கி அனுப்பியதால்தான் அது பயன்பட்டது.

இளைஞர்களுக்கு இதெல்லாம் தண்ணீர் பட்ட பாடு, யாரும் சொல்லித்தர வேண்டாம் என்று சிலர் சொல்லக்கூடும். பொத்தானை அழுத்துவது வரையில் அது சரி. ஆனால் பழகிக்கொள்வது வேறு, விளங்கிக்கொள்வது வேறு. தமிழ்நாடு அரசு 2011 செப்டம்பரில் மாணவர்களுக்கு விலையில்லா மடிக்கணினி தரத் தொடங்கியபோது, வீட்டில் முதன்முதலாகக் கணினியைத் தொட்ட தலைமுறை ஒன்று உருவானது. அவர்களுக்குப் பொருள் கிடைத்தது. அதைப் பக்கத்தில் உட்கார்ந்து விளக்க வீட்டில் ஆள் இல்லை. தவிரவும் இன்று கணினியோடு காதை இணைக்க வேண்டியவர்கள் இளைஞர்கள் மட்டும்தானா? வெளிநாட்டில் இருக்கும் மகனோடு பேசும் தாய், இணையத்தில் பாடம் நடத்தும் ஐம்பது வயது ஆசிரியர், திரைவாசிப்பானின் குரலை நம்பி வேலை செய்யும் பார்வையற்ற அலுவலர் ஆகியோரையும் எண்ண வேண்டும். பார்வையற்றவருக்கு ஒலி அறுந்தால் திரையே அணைந்ததற்குச் சமம்.

புதுத் தொழில்நுட்பம் வந்து எல்லாவற்றையும் சரிசெய்துவிடும் என்பது இன்னொரு வாதம். அதில் உண்மை இருக்கிறது. 2022இல் முழுமை பெற்ற எல்இ ஆடியோ என்னும் புதிய புளூடூத் முறை, பேச்சையும் பாட்டையும் ஒரே நேரத்தில் நல்ல தரத்தில் கொண்டுபோக வல்லது. ஆனால் லேப்டாப், இயர்பட்ஸ் இரண்டிலும் அது இருக்க வேண்டும். ஐந்தாறு ஆண்டு பழைய கணினிக்கு அது வந்து சேராது. நம் வீடுகளில் ஒரு கணினி அண்ணனிடமிருந்து தங்கைக்குப் போய்ப் பத்தாண்டு ஓடுகிறது. காற்றிலும் கூட்டம் இருக்கிறது. புளூடூத் ஓடும் 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையை உரிமம் இல்லாமல் எவரும் பயன்படுத்தலாம் என்று 2005 ஜனவரியில் இந்திய அரசு திறந்துவிட்டது. அது நல்ல முடிவு. வைஃபையும் இயர்பட்ஸும் இவ்வளவு மலிந்ததற்கு அடித்தளம் அதுவே. ஆனால் அதே வீதியில்தான் வைஃபை, கம்பியில்லா மவுஸ், மைக்ரோவேவ் அடுப்பின் கசிவு எல்லாம் நடமாடுகின்றன. நெரிசலில் தப்பிக்கப் புளூடூத் 79 தடங்களில் நொடிக்கு 1,600 முறை தாவித் தாவி ஓடுகிறது. இந்த அலையை நீர் உறிஞ்சும். மனித உடம்போ பெரும்பகுதி நீர். லேப்டாப்புக்கு முதுகைக் காட்டித் திரும்பினாலே சில நேரம் ஒலி விட்டுவிட்டு வருவது அதனால்தான். ஆகவே தேர்வு, நேர்காணல் போன்ற முக்கியமான நேரத்துக்கு நூற்றைம்பது ரூபாய்க் கம்பி இயர்போனைக் கைவசம் வைத்திருப்பதே அறிவு என்பேன். 2016இல் ஆப்பிள் தன் ஐபோனிலிருந்து கம்பி இயர்போனைச் செருகும் சிறு துளையை எடுத்தபின் பல போன்களில் அது போய்விட்டது. லேப்டாப்புகள் பெரும்பாலானவற்றில் இன்னும் இருக்கிறது. அது போகாமல் இருக்க வேண்டும்.

என் ஒப்பீட்டையே மறுப்பவர்களும் இருப்பார்கள். ஊருக்கே கேட்கும் ஒலிபெருக்கியைப் புகழ்ந்துவிட்டு, ஒருவர் காதுக்கு மட்டும் கேட்கும் கருவியைக் குறைசொல்வது நியாயமா? ஒலிபெருக்கியின் தொல்லையை அனுபவிக்காத தமிழ்நாட்டுத் தெரு உண்டா? இந்தக் கேள்வியில் நியாயம் இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். ஒரே அறையில் பாட்டி உறங்க, அப்பா செய்தி பார்க்க, மகள் தேர்வுக்குப் படிக்கும் வீட்டில் இயர்பட்ஸ் என்பது அவளுக்குக் கிடைத்த தனியறை. அதை அவளிடமிருந்து யாரும் பறிக்கக்கூடாது. ஆனால் 2004 டிசம்பர் 26ஐயும் மறக்க முடியாது. வீராம்பட்டினத்துக்குத் தெற்கே உள்ள நல்லவாடு என்ற மீனவ ஊரிலும் சுவாமிநாதன் நிறுவனத்தின் தகவல் மையம் இருந்தது. சிங்கப்பூரில் வேலை செய்துவந்த அவ்வூர் இளைஞர் ஒருவர் தொலைக்காட்சியில் ஆழிப்பேரலைச் செய்தியைப் பார்த்து ஊருக்குப் போன் செய்தார். ஊரார் அந்த எச்சரிக்கையைத் தகவல் மையத்து ஒலிபெருக்கியில் முழங்கினார்கள். மூவாயிரத்துக்கும் மேற்பட்டோர் கரையை விட்டு ஓடித் தப்பினார்கள். ஒரு காதுக்கு வந்த சேதியை ஊரார் காதுக்கெல்லாம் கொண்டுசேர்த்தது அந்த ஒலிபெருக்கி. இன்று ஐதராபாத்தில் உள்ள இந்தியக் கடல்சார் தகவல் சேவை மையம் அலை முன்கணிப்பையும் ஆழிப்பேரலை எச்சரிக்கையையும் தானே தருகிறது. அமெரிக்கக் கடற்படையை நாடவேண்டிய நிலை போய்விட்டது. அனுப்பும் முனை வலுத்திருக்கிறது. கேட்கும் முனை? வெளிச்சத்தத்தை அழிக்கும் இயர்பட்ஸை மாட்டி, அதை லேப்டாப்போடு இணைத்து உட்கார்ந்திருப்பவருக்கு, மௌனத்தில் போட்ட போனுக்கு வரும் அழைப்பு கேட்காது. தெரு ஒலிபெருக்கியும் மங்கித்தான் கேட்கும். கடற்கரை ஊரில் இது சிறிய விஷயமில்லை. போன், லேப்டாப் இரண்டோடும் ஒரே நேரத்தில் இணைந்திருக்கும் வசதி, வெளியொலியை உள்ளே விடும் வசதி இரண்டும் பல இயர்பட்ஸில் உள்ளன. அவற்றை ஆடம்பரம் என்று நினைக்காமல் பார்த்து வாங்க வேண்டும், கடைக்காரரும் எடுத்துச் சொல்ல வேண்டும்.

ஒலிபெருக்கியும் இயர்பட்ஸும் எதிரெதிராகவே இருக்க வேண்டும் என்ற கட்டாயமும் இனி இல்லை. எல்இ ஆடியோவோடு ஆராகாஸ்ட் என்ற ஏற்பாடும் வந்திருக்கிறது. ஒரே கருவி ஒலியைப் பரப்ப, அருகில் இருக்கும் எத்தனை இயர்பட்ஸும் எத்தனை காதுகேள் கருவியும் அதை எடுத்துக் கேட்கலாம். ஒவ்வொன்றாக இணைக்கும் வேலை கிடையாது. வானொலி நிலையத்தைத் தேர்வதுபோல் தேர்ந்தால் போதும். வீராம்பட்டினத்தில் ஆடி மாதம் செங்கழுநீர் அம்மன் தேர் ஓடும். பிரெஞ்சுக்காரர் ஆண்ட நாளிலிருந்தே ஆளுநர் வந்து வடம் பிடித்துத் தொடங்கிவைப்பது வழக்கம். அந்தக் கூட்டத்தின் ஒலிபெருக்கி இரைச்சலில் ஒரு சொல்லும் புரியாமல் திண்ணையில் உட்கார்ந்திருக்கும் பெரியவரின் காதுகேள் கருவிக்குள் கோயில் அறிவிப்பு நேராக வந்து விழலாம். பேரப்பிள்ளையின் லேப்டாப்பிலிருந்து கடல்நிலை அறிவிப்பு, வலை பின்னிக்கொண்டிருக்கும் நான்கு பேர் காதுக்கு ஒரே நேரத்தில் போகலாம். கருவிகள் விலை இறங்கி ஊருக்குள் வரச் சில ஆண்டுகள் ஆகும். அதற்குள், இயர்பட்ஸ் பெட்டியைத் திறந்ததும் கைக்கு வரும் தாளில் எது பாட்டுக்கு, எது பேச்சுக்கு, எது ஊருக்கு என்று தமிழில் எழுதிவைக்கும் வேலையை யாராவது தொடங்கியாக வேண்டும்.