ஒரு நாள் பிரகடனமும் பதினைந்து மாத ஆட்சியும்

இணைந்த வடக்கு-கிழக்கு மாகாணத்தின் முதலாவதும் இறுதியுமான முதலமைச்சர் அ. வரதராஜப்பெருமாளைத் தொலைக்காட்சிப் பேட்டிகளில் காணும்போது, கேள்விகள் பெரும்பாலும் ஒரே நாளைச் சுற்றியே வருவதை வாசகர்களும் கவனித்திருப்பீர்கள். அது, 19 அம்சக் கோரிக்கையை முன்வைத்து அவர் ஈழப் பிரகடனம் செய்த 1990 மார்ச் 1. சில நாட்களில் அவர் இந்தியா சென்றார். அதே மாதம் 24ஆம் திகதி இந்திய அமைதிப்படையின் இறுதி அணியும் திருகோணமலையை விட்டு அகன்றது. திரைக்கு உகந்த காட்சிதான். ஆனால் வரலாறு அத்துடன் முடிந்துவிடுவதில்லை.

1988 டிசெம்பரில் திருகோணமலையைத் தலைநகராகக் கொண்டு 71 உறுப்பினர்களுடன் ஒரு சபை இயங்கத் தொடங்கியது. வடக்கில் வாக்கெடுப்பின்றியே உறுப்பினர்கள் தெரிவாகினர். ஆகவே அதன் மக்கள் ஆணை பற்றிய வினா நியாயமானதே. எனினும் பொருளியல் விரிவுரையாளராக இருந்த ஒருவர், காணி, பொலிஸ் அதிகாரங்கள் கைக்கு வராத நிலையில், கொழும்பு நியமித்த ஆளுநருடன் ஒரு நிர்வாகத்தை எவ்வாறு நடத்த முயன்றார்? நிதி எங்கே தடைப்பட்டது? 1989இல் அவரது கட்சியும் நட்பு இயக்கங்களும் இளைஞரைக் கட்டாயமாகப் படைக்குச் சேர்த்தமைக்கு முதலமைச்சர் என்ற வகையில் அவரது பதில் என்ன? இவை விரிவாகக் கேட்கப்பட வேண்டியவை. அவரைப் புகழ்வோரும் இகழ்வோரும் இவற்றைத் தாண்டிச் சென்றுவிடுகின்றனர்.

ஒலிப்பதிவுக் கருவிகள் சீனன்குடாவுக்கு வராமலும் இல்லை. பிரித்தானியர் விட்டுச்சென்ற 99 எண்ணெய்த் தாங்கிகள் உலக அரசியல் பேசுவோருக்கு என்றும் விருப்பமான காட்சி. அத்தாங்கிகளைக் கூட்டாகச் சீரமைக்கும் இணக்கமும், மாகாண இணைப்பும் 1987 யூலை 29இல் ஒரே வேளையில் பிறந்தவை. தாங்கிகளுக்கு 2003இலும் 2022 ஜனவரியிலும் புதிய உடன்படிக்கைகள் கிடைத்தன. மாகாண இணைப்போ 2006 ஒக்டோபரில் உயர் நீதிமன்றத் தீர்ப்பால் செல்லாததாயிற்று. பிரிந்த கிழக்கின் சபையும் 2017இல் காலம் முடிந்தபின் ஆண்டுக்கணக்கில் தேர்தலின்றிக் கிடந்தது. இரும்புக்குக் கிடைத்த அக்கறை மக்களின் வாக்குக்குக் கிடைக்கவில்லை என்பதை எந்த விவரணப்படமாவது இரண்டையும் அருகருகே வைத்துக் காட்டினால், இளைய தலைமுறைக்கு நிறையப் புரியும்.

இதற்குக் காலம் அதிகமில்லை. 1977இலேயே திருகோணமலையிலிருந்து பாராளுமன்றம் சென்ற இரா. சம்பந்தன் 2024 யூன் 30இல் மறைந்தார்; அவரோடு அக்கால அரசியலின் நேரடி நினைவு ஒன்றும் மறைந்தது. முன்னாள் முதலமைச்சருடன், அன்றைய சபையின் முஸ்லிம் எதிர்க்கட்சி உறுப்பினர்களையும், செயலகத்தில் கோப்புகளோடு மல்லாடிய அலுவலர்களையும், பிள்ளைகளைப் பறிகொடுத்த பெற்றோரையும் பேசவைத்துப் பதிவுசெய்வது நமது தொலைக்காட்சிகளின் கடமை. அதிகாரப் பகிர்வு மீண்டும் பேசப்படும் ஒவ்வொரு முறையும் நமக்குத் தேவைப்படுவது அந்தப் பதினைந்து மாதங்களின் கணக்கே.