டெர்ப்ளான்ஷைப் பார்த்துச் சிரிப்பது சுலபம்

நிக் புரூம்ஃபீல்டின் 1991 ஆவணப்படத்தை எங்கள் திரைப்படச் சங்கத்தில் எப்போது போட்டாலும் அரங்கம் குலுங்குவது ஒரே இடத்தில்தான். தென்னாப்பிரிக்காவின் வெள்ளை நிறவெறி அமைப்பான ஏ.டபிள்யூ.பி.யின் தலைவர் யூஜின் டெர்ப்ளான்ஷ் பேட்டிக்கு நேரம் கொடுத்திருக்கிறார். இயக்குநர் வேண்டுமென்றே தாமதமாகப் போய், டீ குடித்துக்கொண்டிருந்தோம் என்கிறார். தாடியும் மிடுக்குமாக இருந்த தலைவர் கொதித்துப்போகிறார்.

பேட்டி கிடைக்காத நேரமெல்லாம் கேமரா, தலைவரின் டிரைவர் வீட்டில் கிடக்கிறது. படத்தின் பெயரே 'தலைவர், அவர் டிரைவர், டிரைவரின் மனைவி'. கையில் மைக்கும் காதில் ஹெட்போனுமாக புரூம்ஃபீல்ட் வெகுளிபோலக் கேட்கக் கேட்க, ஆட்கள் தாங்களாகவே அவிழ்ந்துகொள்கிறார்கள். கெட்டிக்காரத்தனம், சந்தேகமில்லை.

எனக்கு உறுத்துவது அந்தச் சிரிப்புதான். அதன் பிறகு, 2001-இல், கறுப்பினத் தொழிலாளி ஒருவரைக் கொல்ல முயன்ற குற்றத்துக்காக இதே மனிதர் சிறைக்குப் போனார். அதைவிடப் பெரிய சங்கடம் ஒன்று உண்டு. தென்னாப்பிரிக்க வெள்ளையரில் ஒரு பிரிவினரான ஆப்பிரிக்கானர்களின் தேசியவாதத்தை ஆட்சியில் ஏற்றியது குதிரையேறிப் பவனி வந்த இந்த ஆளல்ல. 1948-இல் வாக்குப் பெற்று வந்த தேசியக் கட்சி. அதை நடைமுறையாக்கியவை 1950-இல் அந்தக் கட்சி போட்ட, ஒவ்வொருவரின் இனத்தையும் பதிந்த மக்கள் பதிவுச் சட்டமும், இனவாரியாக வசிப்பிடம் பிரித்த குழுப் பகுதிச் சட்டமும். பின்னாளில் பிரதமரான ஃபெர்வூர்ட் பல்கலைக்கழகப் பேராசிரியர், அதன்பின் நாளிதழ் ஆசிரியர். கோட்டும் டையும் போட்டு, குரலை உயர்த்தாமல் பேசியவர். அவரிடம் புரூம்ஃபீல்ட் எவ்வளவு தாமதமாகப் போயிருந்தாலும் வேடிக்கை எதுவும் கிடைத்திருக்காது.

சட்டம் இறங்கிய இடத்தில் குமாஸ்தாக்கள் இருந்தார்கள். தலைமுடியில் பென்சிலைச் செருகி, அது நிற்கிறதா விழுகிறதா என்று பார்த்து இனம் எழுதினார்கள். டர்பனின் கேட்டோ மேனரில் வீடும் தோட்டமும் வைத்திருந்த தமிழ்க் குடும்பங்களைக் கிளப்பிவிட்டதும் அரசாங்கத் தாள்தான். இப்படியொரு அலுவலகத்துக்குள் புரூம்ஃபீல்டின் கேமரா நுழையவில்லை. கறுப்பர்களும் படத்தின் ஓரத்தில்தான் வந்துபோகிறார்கள்.

படத்தைப் போடாதீர்கள் என்று சொல்லவில்லை. ஒளித்து எடுக்கப்பட்டு வெளியே கடத்தப்பட்ட, 1974-இல் வந்த நானா மஹோமோவின் 'லாஸ்ட் கிரேவ் அட் டிம்பாசா' ஆவணப்படத்தையும் சேர்த்துப் போடச் சொல்கிறேன். கறுப்பர்களைக் கொண்டுபோய்க் கொட்டிய குடியிருப்பும் அங்கே குழந்தைகளின் கல்லறைகளும் அதில் இருக்கின்றன. ஒரே மாலையில், புரூம்ஃபீல்ட் முதலில், நடுவில் டீ இடைவேளை இல்லாமல்.