கரிசலில் தைலமரம் வேண்டுமா?

மேற்கு ஆஸ்திரேலியாவின் தென்மேற்குக் கரையில் டூவர்ட் என்றொரு தைலமர வகை உண்டு. யூகலிப்டஸ் இனத்தில் எழுநூறுக்கும் மேற்பட்ட வகைகள் இருப்பினும், இந்த ஒரு வகையின் தாயகம் ஏறத்தாழ 400 கிலோமீட்டர் நீளமுள்ள ஒடுங்கிய கடலோரப் பட்டையே ஆகும். சுண்ணாம்புப் பாறையின் மேல் படிந்த மணலும், குளிர்காலத்து மழையும் அதற்கு வேண்டும். வட ஆப்பிரிக்காவில் மணல் மேடுகளைக் கட்டுப்படுத்த இம்மரத்தை நட்டபோது அது பிழைத்தது. அங்கும் சுண்ணாம்பு மண். அங்கும் குளிர்காலத்து மழை.

எங்கோ நிற்கும் மரம் ஓட்டப்பிடாரம் வட்டாரத்து அங்கத்தினர்க்கு எதற்கு என்று கேட்கலாம். மானாவாரிப் புஞ்சையைத் தைலமரத்துக்கு விட்டுவிடலாமா என்ற பேச்சு எழும்போது, நம்மில் எவரும் முதலில் மண்ணைப் பற்றிக் கேட்பதில்லை. டன் என்ன விலை என்றே கேட்கிறோம்.

பேச்சு எழுவதில் வியப்பில்லை. களையெடுக்க ஆள் கிடைப்பது அரிதாகிவிட்டது. பருத்தி விலை நிலையாக இல்லை. தைலமரத்தையோ ஆடு தீண்டாது. வெட்டினால் அடிக்கட்டையிலிருந்து மீண்டும் தழைக்கும். காகித ஆலைகள் வாங்கிக்கொள்ளும். 1843-இல் நீலகிரிக்கு வந்த தைலமரம் குளிர்ந்த மலைக்கு ஏற்றது. சமவெளியில் மைசூர்த் தைலமரம் என்று பரவியது வேறு வகை. வடிகாலுள்ள செம்மண்ணே அதற்கு உகந்தது. அத்தகைய நிலத்திலும் நீர் வற்றுகிறதென்று புதுக்கோட்டை உழவர்கள் பல்லாண்டுகளாக முறையிட்டு வருகின்றனர். கருநாடக அரசு 2017-இல் புதிதாக நடுவதற்குத் தடையே விதித்தது.

இம்மரத்தின்மேல் சுமத்தப்படும் பழி முழுவதும் உண்மையன்று. கருநாடகத்தில் 1980-களின் பிற்பகுதியில் தொடங்கிய ஆராய்ச்சியில், ஏறத்தாழ 3 மீட்டர் ஆழமுள்ள மண்ணில் தைலமரத் தோப்பு இயற்கைக் காட்டைவிட மிகுதியாக நீரைச் செலவிடவில்லை என்று கண்டனர். ஆனால் தோப்பும் காடும் கேழ்வரகுப் பயிரைப்போல் இருமடங்கு நீரை எடுத்தன. மண் மிக ஆழமாக அமைந்த ஹொசகோட்டேயிலோ, மூன்றாண்டுகளில் பெய்த மழையைக் காட்டிலும் மரம் எடுத்த நீரே அதிகம். கூட்டுறவாளர் கணக்கில் சொன்னால், வரவு முழுவதையும் செலவிட்டபின் சேமநிதியிலும் கைவைத்தது.

நம் கரிசலின் செல்வமே அந்தச் சேமநிதிதான். ஐப்பசி, கார்த்திகையில் பெய்ததைப் பிடித்து வைத்துத் தை, மாசியிலும் செடியை வாடாமல் நிறுத்துவது இம்மண். 1901-இல் கோவில்பட்டியில் ஏற்பட்ட வேளாண்மை ஆராய்ச்சி நிலையம் கவனம் செலுத்திய கருங்கண்ணிப் பருத்தி, இந்த ஈரத்தை நம்பியே விளைந்தது. இதே கரிசல் மழையில் சேறாகி இறுகும்; கோடையில் ஆள் கால் நுழையும் அளவுக்கு வெடிக்கும்; வெடிப்பில் இளவேர் அறுபடும். மரம் பிழைக்காவிடில் நட்டவருக்கு நட்டம். பிழைத்துவிட்டாலோ பக்கத்துப் புஞ்சைக்காரருக்கும் நட்டம். வேர் பொழியைக் கண்டு நிற்பதில்லை.

சீமைக்கருவேலையும் நாம் வறட்சிக்கு வந்த வரம் என்றே வரவேற்றோம். அடுப்பெரிந்தது, கரிமூட்டம் பல குடும்பங்களுக்கு இன்றும் சோறு போடுகிறது, மறுப்பதற்கில்லை. ஆயினும் அதை அகற்றுமாறு 2017-இல் உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை ஆணையிட நேர்ந்தது. தைலமரம் அவ்வாறு தானே பரவிக் கண்மாய்க்குள் புகுவதில்லை என்பது மெய்தான். எனினும், மனம் மாறி மீண்டும் உளுந்தோ பருத்தியோ விதைக்க எண்ணினால், அடிக்கட்டைகளைத் தோண்டியெடுக்கும் செலவு என்ன? டன் விலை பேசுவோர் அதனைப் பேசுவதில்லை.

கூலியைப் பற்றியும் எண்ண வேண்டும். பருத்திக் காடு ஆண்டுதோறும் களையெடுப்புக்கும் பருத்தி எடுப்புக்கும் பெண்களை அழைக்கிறது. மரக்காடு நடும்போது சில நாள், வெட்டும்போது சில நாள் அழைக்கும். இடையில் நாலைந்து ஆண்டு மௌனம். நெசவாளரும் இதனை உழவர் வழக்கென்று ஒதுக்கலாகாது. உள்ளூர்ப் பருத்தி குறைந்தாலும் நூல் எங்கிருந்தேனும் வரும்; அதன் விலையில் நமக்குச் சொல் இராது.

மரமே ஆகாது என்பது நம் கட்சியன்று. டூவர்ட்டைப் போலச் சிறு வட்டாரத்துக்கே உரிய மரம் நமக்கும் உண்டு. குடை விரித்தாற்போல் நிற்கும் குடைவேல், தென்தமிழ்நாட்டின் வறண்ட பகுதியிலும் இலங்கையிலுமே இயற்கையாக வளர்வது. விறகும் வேலியும் தரும். நெற்றை ஆடு விரும்பித் தின்னும். பொட்டலிலும் செவலிலும் அதனை நடலாம். கண்மாய்க் கரைக்கு நாட்டுக்கருவேல், பொழிக்குப் பனை. காகித ஆலை இவற்றை வாங்காது என்பதையும் சொல்லிவிட வேண்டும். தைலமரத்தின் ரொக்கத்துக்கு இவை ஈடல்ல.

ஆதலால் தைலமரக் கன்றுக்கு முன்பணம் கேட்டு வரும் மனுக்களைச் சங்கம் பொதுப்பேரவை கூடும்வரை நிறுத்திவைப்பது நலம். அதன்பின்னும் நட விரும்புவோர் நிலத்தில் ஆறடிக் குழி தோண்டி மண்ணைக் காட்டவேண்டும். நான்கு எல்லைக்காரரின் சம்மதத்தையும் எழுதி வாங்கி மனுவோடு இணைக்கவேண்டும்.