நாற்பத்தைந்தில் விடுதலை யாருக்கு?



விடுமுறை வந்தால் கேமரன் மலைச் சாலைகள் வாகனங்களால் நிறைந்துவிடும். நகர வாழ்வில் களைத்த நடுவயதினர் மன அமைதி தேடி வருகின்றனர். தேயிலைச் சரிவில் நின்று படமெடுத்துக்கொண்டு இறங்கிவிடுகின்றனர். நல்லது. அதே சரிவில் கொழுந்தெடுக்கும் 45 வயதுத் தாய்க்கு மட்டும் வாழ்வை மாற்றிக்கொள்ளும் ஆசை இருக்கக் கூடாதா?

இருக்கிறது. வாகனமோட்டும் உரிமம் எடுக்க விரும்பிய ஒரு தாயை, "இந்த வயதில் உனக்கு எதற்கம்மா?" என்று அவருடைய மகனே கேலி செய்ததை என் வகுப்பறை வாசலில் கேட்டேன். அந்தக் கேள்வியை அவனுக்குக் கற்றுக்கொடுத்தவர்கள் நாம்தாம்!

அரசு ஆசிரியரான நான் 40 வயதுக்குமேல் விருப்ப ஓய்வு கேட்கலாம். அத்தாய்க்கு அந்த வாய்ப்பு இல்லை. தோட்ட வீடு வேலையோடு வருவது, வேலையோடு போவது. 1929இல் போ தோட்டம் தொடங்கிய நாள் முதல் இம்மலையில் உழைத்தவர்களுள் நம்மவரும் உண்டு. ஆனால், சொந்தக் கூரையின்றி ஓய்வு பெற்றவர்கள் எத்தனை பேர்! சொந்த வீட்டுச் சாவி இல்லாதவருக்கு விடுதலை வெறுஞ்சொல்லே.

"குறைந்தபட்சச் சம்பளமே 2025இல்தான் 1,700 ரிங்கிட் ஆனது, இதில் வீடா?" என்பீர்கள். தோட்டங்கள் துண்டாடி விற்கப்பட்ட காலத்தில், 1960இல், துன் வீ. தி. சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்தார். மாதம் பத்துப் பத்து வெள்ளியாகக் கட்டிப் பங்குதாரர் ஆனவர்கள் செல்வந்தர்கள் அல்லர். பால்மரம் சீவிய தொழிலாளர்கள். "இனி நமக்கு எதற்கு?" என்று அவர்கள் இருந்துவிடவில்லை.

இன்று ஊழியர் சேமநிதியில் வீடு வாங்கப் பணமெடுக்க வழியுண்டு. 50 வயதிலும் ஒரு பகுதியை எடுக்கலாம். அப்பணம் எங்கே போகிறது? திருமண மண்டபத்திற்கும் மகனின் மோட்டார் சைக்கிளுக்கும்! தாயின் சேமிப்பைக் கரைத்துவிட்டுத் 'தியாகம்' என்று புகழ்வது அன்பன்று, சுரண்டல்.

சட்டப்படி ஓய்வு வயது 60. நாற்பத்தைந்தில் இன்னும் 15 ஆண்டுகள் உள்ளன. ஒரு குழந்தை முதலாம் ஆண்டில் சேர்ந்து பல்கலைக்கழகம் வரை செல்லப் போதுமான காலம்.

ஆசிரியர்களே, தேர்ச்சி அறிக்கை வாங்க வரும் தாயிடம் பிள்ளையின் புள்ளிகளை மட்டும் பேசாதீர்கள். சேமநிதிப் படிவத்தை நிரப்பவும் உதவுங்கள். பெற்றோர்களே, "எனக்கும் ஒரு வாழ்வு உண்டு" என்று பிள்ளைகள் முன் கூசாமல் சொல்லுங்கள். அதுவும் அவர்களுக்கு ஒரு பாடமே.

சிந்திப்போம்.